ஆயுத பூஜையன்று உள்ளே வந்தவன்

ஆயுத பூஜையன்று காலை பதினோரு மணிக்கு எங்கள் ஆலையின் வாட்ச்மேன் எனக்குப் போன் செய்து, "மேடம், சாமியைக் காணோம்" என்றார். நான் அப்போதுதான் வாய் நிறையச் சுண்டலைப் போட்டிருந்தேன். பூஜை அறையிலிருந்து விக்கிரகம் எதுவும் திருட்டுப் போய்விட்டதோ என்று பதறிப்போய், எந்தச் சாமி என்று கேட்டேன். கம்ப்யூட்டரில் இருந்த சாமி என்றார்.

ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகிற சாலையில் இருக்கிறது எங்கள் ஆலை. காயத்துக்குக் கட்டும் பேண்டேஜ் துணி தயாரித்து வெளிநாட்டுக்கு அனுப்புகிறோம். அங்கே கம்ப்யூட்டர், நெட்வொர்க், கேமரா, பிரிண்டர் என்று வயர் முளைத்த எல்லாவற்றுக்கும் நான்தான் பொறுப்பு. முந்தின நாள் சாயங்காலமே பூஜை போட்டு, பொரிகடலைப் பொட்டலத்தை வாங்கிக்கொண்டு எல்லோரும் வீட்டுக்குப் போய்விட்டோம். தறிக்கும் தராசுக்கும் ஸ்குரூடிரைவருக்கும் ஒவ்வொரு கம்ப்யூட்டருக்கும் சந்தனம், குங்குமம் வைத்தாகிவிட்டது. தரக்கட்டுப்பாட்டு அறையில் இருக்கும் ஒரு கம்ப்யூட்டரை மட்டும் அணைக்காமல், திரை முழுக்கச் சரஸ்வதி படத்தைப் போட்டு, மேலே மாலை சாத்தி வைத்திருந்தோம். அது முதலாளியின் ஆசை. விஜயதசமி காலையில் மறுபூஜை போடும்வரை பூஜையில் இருக்கிற எதையும் யாரும் தொடக் கூடாது.

அந்தக் கம்ப்யூட்டருக்கு உரிய ஆள் ஆலையில் இல்லை. பன்னிரண்டு கிலோமீட்டர் தள்ளி, ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் தன் வீட்டில் இருக்கிறார். நான் அவரை அக்கா என்றுதான் கூப்பிடுவேன். ஒவ்வொரு லோடு துணியும் ஆலையை விட்டு வெளியேறும் முன் அதற்குச் சோதனைச் சான்றிதழும் லேபிளும் தயார் செய்ய வேண்டும். அது அக்காவின் வேலை. ஊரடங்கு சமயத்தில் எல்லோரும் வீட்டிலிருந்து வேலை பார்த்தோம். ஊரடங்கு முடிந்து எல்லோரும் திரும்பிய வாரத்தில், போலீஸில் இருந்த அக்காவின் கணவர் பைக்கிலிருந்து விழுந்து முதுகெலும்பு உடைந்து படுக்கையாகிவிட்டார். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை அவரைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும். அன்றிலிருந்து ஐந்து வருடமாக அக்கா ரிமோட் டெஸ்க்டாப்பில்தான் ஆபீஸுக்கு வருகிறார். வீட்டு லேப்டாப்பில் ஆலைக் கம்ப்யூட்டரின் திரை அப்படியே தெரியும், நாற்காலியில் உட்கார்ந்திருப்பது மாதிரியே வேலை செய்யலாம். அவர் அங்கே நுழைந்ததும் ஆலையில் இருக்கிற திரை தானாகப் பூட்டிக்கொண்டு பாஸ்வேர்டு கேட்கும். அதைப் பார்த்து, "அக்கா வந்தாச்சு" என்போம்.

வாட்ச்மேனுக்கும் அது தெரியும். அவர் வத்திராயிருப்புக்காரர், பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்றவர், கண்ணில் பட்டதைக் கூட்டாமல் குறைக்காமல் சொல்வார். ரோந்து வரும்போது ஜன்னல் வழியாகப் பார்த்தாராம். சாமி இருந்த இடத்தில் பாஸ்வேர்டு கேட்கும் கட்டம் நிற்கிறதாம். "அந்த அக்கா உள்ள வந்துட்டாக போல. நல்ல நாளும் அதுவுமா எதுக்கு மேடம் தொடுதாக?" என்று வருத்தப்பட்டார்.

நான் அக்காவுக்குப் போன் செய்தேன். பின்னால் எண்ணெய் இரைகிற சத்தம் கேட்டது. வடை சுட்டுக்கொண்டிருந்தார். லேப்டாப்பைப் பூஜையில் வைத்திருப்பதாகவும், சரஸ்வதி பூஜையன்று அதைத் தொட அவருக்கு என்ன பைத்தியமா என்றும் கேட்டார்.

அப்படியானால் உள்ளே இருப்பது யார்? என் கையில் மயிர் குத்திட்டு நின்றது. பயத்தால் மட்டும் என்று சொன்னால் அது பொய். இந்த வேலைக்கு வந்து பத்து வருடமாக நான் சரிசெய்ததெல்லாம் பிரிண்டரில் மாட்டிய பேப்பரும், எலி கடித்த வயரும்தான். நிஜமான திருடன் ஒருவன், எங்கிருந்தோ, இந்த நிமிஷம், நான் சந்தனம் வைத்த கம்ப்யூட்டருக்குள் உலாவுகிறான் என்று நினைத்தபோது உட்கார முடியவில்லை.

உடனே வாட்ச்மேனைக் கூப்பிட்டு, கம்ப்யூட்டருக்குப் பின்னால் இருக்கும் நீல வயரைப் பிடுங்கச் சொன்னேன். மாட்டேன் என்றார். பூஜையில் இருப்பதை மறுபூஜைக்கு முன்னால் தொடுவதில்லை என்றார். வயருக்குப் பூஜை கிடையாது என்றேன். வயரிலும் குங்குமம் இருக்கிறது, வைத்ததே நீங்கள்தான் என்றார். சரி, அந்த அறையின் மெயின் ஸ்விட்சையாவது அணையுங்கள் என்று கெஞ்சினேன்.

"மெயின் ஸ்விட்சுக்கும் சந்தனம் வச்சாச்சு மேடம்" என்றார்.

முதலாளி சொன்னால் தொடுவாராம். முதலாளி போனை எடுக்கவில்லை. நான் ஸ்கூட்டரை எடுத்தேன். அதற்கும் மாலை போட்டு, இரண்டு சக்கரத்தின் கீழும் எலுமிச்சம்பழம் வைத்து, நல்ல நேரத்துக்காக நிறுத்தி வைத்திருந்தார்கள். நல்ல நேரமெல்லாம் பார்க்காமல் இரண்டு பழத்தையும் நசுக்கிக்கொண்டு கிளம்பினேன். அம்மா வாசலில் நின்று என்னவோ சொன்னார், என் காதில் விழவில்லை. வழியெல்லாம் ஆட்டோக்களின் நெற்றியில் பட்டை, பஸ்களின் இரு பக்கமும் வாழைக்கன்று, கடைவாசலில் உடைத்த பூசணிக்காய். ஊரே கருவிகளைக் கும்பிட்டுவிட்டுக் கையைக் கட்டி உட்கார்ந்திருக்க, மாலை தட்டி முகத்தில் அடிக்க அடிக்க நான் மட்டும் பறந்தேன்.

வாட்ச்மேன் என்ன செய்துகொண்டிருந்தார் தெரியுமா? அறைக் கதவைத் திறந்து வைத்து, கையில் லத்தியுடன், கம்ப்யூட்டருக்கு முன்னால் விறைப்பாக நின்று காவல் காத்துக்கொண்டிருந்தார். கம்ப்யூட்டருக்குள் இருக்கிறவன் எந்த வழியாக வெளியே வந்தாலும் ஒரு அடி நிச்சயம். நான் அவரைத் தாண்டிப் போய் நீல வயரைப் பிடுங்கினேன். குங்குமம் விரலில் ஒட்டியது.

பிறகு பாஸ்வேர்டைப் போட்டுத் திரையைத் திறந்தேன். சரஸ்வதி பத்திரமாக இருந்தார். அவருக்கு முன்னால் நாங்கள் திறக்காத இரண்டு ஜன்னல்கள் திறந்திருந்தன. வைரஸ் தடுப்பு அணைக்கப்பட்டிருந்தது. நாங்கள் கேள்விப்படாத ஒரு பெயரில் புதுக் கணக்கு ஒன்று உருவாகியிருந்தது. டெஸ்க்டாப்பின் மூலையில் புதிதாக ஒரு ஃபைல் கிடந்தது. அது என்ன வகை என்று எனக்குத் தெரியும். அதை ஒரு முறை ஓட விட்டிருந்தால் ஐந்து வருடச் சான்றிதழ்களையும் பூட்டிவிட்டு, திறப்பதற்கு எங்களிடம் பேரம் பேச ஆரம்பித்திருப்பான். ஃபைலைக் கொண்டுவந்து வைத்திருக்கிறான், ஓட்டவில்லை. நான் சில நிமிஷம் முந்திக்கொண்டேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். வாட்ச்மேனிடம், "பிடிச்சுட்டோம்" என்றேன். அவர் மேஜைக்கு அடியில் குனிந்து பார்த்தார்.

அந்தச் சந்தோஷம் முதலாளி வரும்வரைதான் நீடித்தது.

விட்டுப்போன அழைப்புகளைப் பார்த்துவிட்டு அவர் நேராக ஆலைக்கே வந்துவிட்டார். நான் பதிவேட்டைத் திறந்து காட்டினேன். கம்ப்யூட்டருக்குள் யார் எப்போது எங்கிருந்து நுழைந்தாலும் அதில் ஒரு வரி விழும். பதினோரு மணிக்குச் சற்று முன்னால் வெளிநாட்டு முகவரி ஒன்றிலிருந்து ஒரு நுழைவு. அதற்கு முன் தப்பான பாஸ்வேர்டு போட்டுப் பார்த்த தடம் ஒன்றுகூட இல்லை. வந்தவன் முதல் தடவையிலேயே சரியான பாஸ்வேர்டைப் போட்டிருக்கிறான். அந்த வரியில் பெயர் என்று இருந்த இடத்தில் 'ஆபீஸ்' என்று மட்டும் இருந்தது. அக்காவும் அந்தப் பெயரில்தான் வருவார், நானும் அந்தப் பெயரில்தான் வருவேன், திருடனும் அந்தப் பெயரிலேயே வந்திருந்தான்.

முதலாளி நாற்காலியில் உட்காரக்கூட இல்லை. "ஏம்மா, பூட்டுன வீட்டுக்குள்ள ஒருத்தன் பூட்டை உடைக்காம வந்திருக்கான். வெளியில சாவி வச்சிருக்கிறது அந்தப் புள்ள ஒருத்திதான்" என்றார்.

அக்கா அப்படிப்பட்டவர் இல்லை என்று சொன்னேன். அவளே செய்தாள் என்று நானும் சொல்லவில்லை, யாரிடமாவது கொடுத்திருப்பாள், எவனாவது கேட்டிருப்பான் என்றார் முதலாளி. முடிவையும் அங்கேயே சொல்லிவிட்டார். நாளையிலிருந்து வெளியிலிருந்து யாரும் உள்ளே வரக் கூடாது. அந்த வழியை மண் போட்டு மூடு. அவளால் ஆலைக்கு வர முடிந்தால் வரட்டும், முடியாவிட்டால் அந்த வேலைக்கு இங்கேயே ஓர் ஆளைப் பார். அக்காவால் வர முடியாது என்பது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அந்த வீட்டில் வேறு வருமானம் இல்லை என்பதும் தெரியும். அவர் கெட்டவர் இல்லை, பயந்துபோயிருந்தார். பயந்த மனிதரிடம் நியாயம் பேச எனக்குப் பொறுமை கிடையாது, கோபத்தோடு வெளியே வந்தேன்.

ஆனால் ஸ்கூட்டரில் ஏறியதும் என் மனசே என்னைக் கேட்டது, ஒருவேளை கொடுத்திருந்தால்? சான்றிதழ் அவசரத்தில் பக்கத்து வீட்டில் யாரிடமாவது உதவி கேட்டிருந்தால்? ராஜபாளையத்தின் கடைசி வளைவிலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போய்ச் சேரும்வரை அது என்னை விடவில்லை.

அக்கா வீட்டில் கணவரின் கட்டில் கூடத்திலேயே இருக்கிறது. அவர் படுத்தபடியே கையைத் தூக்கி, வடை சாப்பிட்டுத்தான் பேச வேண்டும் என்றார். கட்டிலுக்கு எதிரே மனைப்பலகையில் பூஜை. மேலே மகளின் பள்ளிப் புத்தகங்கள், அதற்கும் மேலே அவருடைய போலீஸ் தொப்பி, எல்லாவற்றுக்கும் அடியில் லேப்டாப். அக்கா சந்தனத்தை லேப்டாப்பின் நடுவில் வைக்கவில்லை. மூடியும் அடிப்பாகமும் சேருகிற விளிம்பில், இரண்டிலும் படுகிற மாதிரி, மூன்று இடத்தில் அப்பியிருந்தார். காலை ஆறு மணிக்கு வைத்தது காய்ந்து கல்லாகியிருந்தது. திறந்தால் உதிர்ந்துவிடும். கோர்ட்டில் அரக்கு முத்திரை வைப்பது மாதிரி இருந்தது. நான் மண்டியிட்டு அதை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்ததைக் கண்டு, சாமி கும்பிடுகிறேன் என்று நினைத்து அக்கா திருநீறு எடுத்து நீட்டினார்.

பூசிக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். முதலாளி சொன்னதையும் மறைக்கவில்லை. நானும் வருகிற வழியில் அவரைச் சந்தேகப்பட்டேன் என்பதையும் சொல்லிவிட்டேன். சொல்லாமல் அந்த வீட்டு வடையைத் தின்ன முடியாது.

அக்கா கணவரின் போர்வையை இழுத்துச் சரி செய்துகொண்டே, "நீ அரைமணி நேரந்தானே ஏட்டி. அவரு அஞ்சு வருஷம் நம்பிட்டு ஒரு நிமிஷத்துல விட்டுட்டாரு" என்றார்.

யாரிடமாவது பாஸ்வேர்டைச் சொன்னீர்களா என்று கேட்டேன். கேட்கத்தான் வேண்டியிருந்தது. மகளுக்குக்கூடத் தெரியாது என்றார். எங்காவது எழுதி வைத்தீர்களா என்றேன். "எதுக்கு எழுதணும், அதான் என் சீட்டுலயே எழுதி ஒட்டியிருக்குல்ல" என்றார்.

ஐந்து வருடமாக ஆலைப் பக்கமே வராதவருக்கு அது எப்படித் தெரியும் என்று விழித்தேன். அக்கா தன் போனை எடுத்தார். நேற்று சாயங்காலம் ஆலையின் இணையப் பக்கத்தில் பூஜைப் படங்கள் வந்திருந்தன. தன் இடத்துக்கு யார் மாலை போட்டார்கள், மேஜை எப்படி இருக்கிறது என்று பார்க்கிற ஆசையில் ஒரு படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தாராம். எனக்கும் அதேபோலப் பெரிதாக்கிக் காட்டினார். சரஸ்வதி, மாலை, சந்தனம். திரையின் அடி விளிம்பில் ஒரு துண்டுத் தாள். அதில் நீல மையில், அழகான கையெழுத்தில், வெளியிலிருந்து நுழைவதற்கான முகவரி. அதன் கீழே 'ஆபீஸ்'. அதன் கீழே முதலாளியின் குலதெய்வத்தின் பெயர், ஆங்கில எழுத்தில், பின்னால் ஒன்று இரண்டு மூன்று.

கையெழுத்து என்னுடையது. ஊரடங்கு தொடங்கிய அன்று, வீட்டுக்குக் கிளம்பும் முன் எல்லோரும் மாற்றி மாற்றிக் கேட்டுத் தொல்லை செய்ததால், பார்த்துக் குறித்துக்கொள்ளட்டும் என்று எழுதி ஒட்டினேன். இணையத்திலிருந்து அந்தக் கம்ப்யூட்டருக்கு நேர் வழியைத் திறந்து விட்டதும் நான்தான், இரண்டு வாரத்துக்குத்தானே என்று. ஐந்து வருடமாக அதை மூடவில்லை. படத்தை எடுத்தது நான். மாலை பளிச்சென்று தெரிய வேண்டும் என்று கிட்டே போய் எடுத்தேன். ஆலையின் பக்கத்தில் போட்டதும் நான். அதற்கு விழுந்த லைக்குகளை எண்ணிச் சந்தோஷப்பட்டதும் நானேதான். வருடா வருடம் ஆயுத பூஜைக்கு இந்த ஊரில் லேத்திலிருந்து லாரி வரைக்கும் எல்லாவற்றையும் அலங்கரித்துப் படம் எடுத்து உலகத்துக்குக் காட்டுகிறோம். நான் அதோடு சாவியையும் சேர்த்துக் காட்டியிருக்கிறேன்.

எனக்குக் காது சூடாகிவிட்டது. படத்தை அந்த நிமிஷமே நீக்கினேன். அக்காவுக்கு நான் ஏன் திருதிருவென்று விழிக்கிறேன் என்று முதலில் புரியவில்லை. புரிந்ததும் வாயைப் பொத்திக்கொண்டார். அவர் அழப் போகிறார் என்று நினைத்தேன். சிரித்தார். கட்டிலில் இருந்தவரும் சிரித்தார். முப்பது வருட சர்வீஸில் இப்படி ஒரு குற்றவாளியைப் பார்த்ததில்லை என்றார்.

அக்காவின் முன்னாலேயே முதலாளிக்குப் போன் செய்தேன். பேச ஆரம்பிக்கும் முன் தண்ணீர் வாங்கிக் குடித்தேன். "மொதலாளி, சாவியைக் குடுத்தது அக்கா இல்ல, நான்" என்று ஆரம்பித்து, படத்தைப் பற்றியும் தாளைப் பற்றியும் முழுதாகச் சொன்னேன். திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. தப்பு யாருடையதாக இருந்தாலும் வழி வழிதான், மூட வேண்டியதுதான் என்றார்.

அங்கேதான் எனக்கு ரோஷம் வந்தது. கதவு சரியில்லை என்பதற்காக அக்காவை வெளியே நிறுத்த முடியாது, நான் வேறு கதவு போடுகிறேன், நாளைக்குக் காலையில் நீங்களே வந்து பாருங்கள் என்றேன். குரலை உயர்த்திவிட்டேன் போல, அக்கா என் முழங்கையைப் பிடித்தார். முதலாளி யோசித்தார். விஜயதசமியன்று ஒன்பதே காலுக்கு நல்ல நேரம், அப்போதுதான் பூஜைக்குப் பிறகு முதல் சான்றிதழ் போட வேண்டும். அதற்குள் எனக்குத் திருப்தியாகக் காட்டினால் அவள் போடட்டும், இல்லாவிட்டால் மூடிவிடு என்றார். அதோடு இன்றைக்கு நீ தொட்டது போதும், மறுபூஜைக்கு முன்னால் இனி ஒரு வயரையும் தொடாதே என்றும் சொல்லிவிட்டார்.

மறுபூஜை காலை ஆறு மணிக்கு. ஆக எனக்குக் கிடைத்தது மூன்றே கால் மணி நேரம். என் வாழ்க்கையில் அப்படி மூன்றே கால் மணி நேரம் வந்ததே இல்லை. கற்பூரம் அணையும் முன் உட்கார்ந்துவிட்டேன். திருடன் தொட்ட கம்ப்யூட்டரை நம்ப முடியாது. அதைத் துடைத்து எடுத்து எல்லாவற்றையும் புதிதாக ஏற்றினேன். வெளியே கழற்றி அலமாரியில் வைத்திருந்த ஹார்டு டிஸ்க்கிலிருந்து சான்றிதழ்களைத் திரும்பக் கொண்டுவந்தேன். அது ஏறிக்கொண்டிருக்கும்போதே ரவுட்டரில் நான் ஐந்து வருடத்துக்கு முன் திறந்த நேர் வழியை மூடினேன். அந்த ஒரு சொடுக்கில் அவ்வளவு நிம்மதி இருக்கும் என்று தெரிந்திருந்தால் எப்போதோ செய்திருப்பேன். இனி இணையத்திலிருந்து பார்க்கிறவனுக்கு அங்கே ஒரு கம்ப்யூட்டர் இருப்பதே தெரியாது. முதலில் ரவுட்டரிலேயே ஒரு வாசல், அதில் அடையாளம் காட்டினால்தான் உள்ளே வர ஒரு தனிப் பாதை கிடைக்கும். அந்தப் பாதையும் அக்காவின் கம்ப்யூட்டருக்கு மட்டும் போகும், வேறு எந்த அறைக்கும் போகாது. ஐந்து முறை தப்பாகப் போட்டால் பூட்டிக்கொள்ளும்.

வாட்ச்மேன் டீ கொண்டுவந்து வைத்துவிட்டு நின்று பார்த்தார். பாஸ்வேர்டு போட்ட பிறகும் அக்காவின் போனில் நான் ஏற்றச் சொன்ன ஓர் ஆப்பில் ஆறு எண் வரும், அரை நிமிஷத்துக்கு ஒரு முறை மாறும், அதையும் போட்டால்தான் திறக்கும் என்று சொன்னேன். உடனே புரிந்துகொண்டார். அவருடைய முகாமில் ராத்திரிக் காவலுக்குத் தினமும் ஒரு ரகசிய வார்த்தை சொல்வார்களாம், மறுநாள் அதைச் சொன்னால் துப்பாக்கியைத் தூக்குவார்களாம். "இங்கன அரை நிமிசத்துக்கு ஒண்ணா? பட்டாளத்தை விட டைட்டா இருக்கே மேடம்" என்றார். இப்படி இரண்டாவது பூட்டு எதற்கு என்று இரண்டு வருடமாக நான் முதலாளிக்கு விளக்க முடியாததை அவர் டீ ஆறுவதற்குள் பிடித்துவிட்டார்.

முதலாளி ஒன்பது மணிக்கு வந்தார். பழைய பாஸ்வேர்டை எடுத்துவிட்டேன் என்றதும் முகம் சுருங்கியது. குலதெய்வத்தின் பெயரை எடுப்பது அவருக்கு உறுத்தியது. சாமி பேரை வழியில் போகிறவனுக்கெல்லாம் காட்டியது போதும், இனி அது நம் வாயில் இருக்கட்டும் என்றேன். அவர் அக்காவின் நாற்காலியை இழுத்துப் போட்டுத் திரையின் முன்னால் உட்கார்ந்தார்.

ஒன்பதேகால். ஸ்பீக்கரில் அக்கா. தன் வீட்டு மறுபூஜை முடித்து, லேப்டாப்பில் இருந்த சந்தனத்தை உதிர்த்துத் திறந்துவிட்டதாகச் சொன்னார். காலையில் நான் போனில் சொல்லியிருந்த புதுப் பாஸ்வேர்டைப் போட்டார். போனில் வந்த ஆறு எண்ணைப் போட்டார். திறக்கவில்லை. மறுபடி போட்டார். தப்பு என்றது. மூன்றாவது முறையும் தப்பு. முதலாளி என்னைப் பார்த்தார். மீதி இரண்டு முறைதான், அதன் பிறகு நானே வைத்த பூட்டு அக்காவை வெளியே வைத்துப் பூட்டிவிடும்.

இனி தொடாதீர்கள் என்று சொல்லிவிட்டு யோசித்தேன். எண் சரி, பெயர் சரி. அந்த ஆறு எண்ணைப் போனில் இருக்கிற நேரத்தை வைத்துத்தான் ஆப் உண்டாக்குகிறது. உங்கள் போனில் மணி என்ன என்று கேட்டேன்.

"ஒம்பது இருபத்தொம்பது" என்றார்.

எங்கள் சுவரில் ஒன்பது பத்தொன்பது. பத்து நிமிஷம் கூடுதல். கணவருக்கு மாத்திரை தவறக் கூடாது, மகளுக்குப் பள்ளி வேன் தவறக் கூடாது என்று வீட்டில் இருக்கிற எல்லாக் கடிகாரத்தையும் பத்து நிமிஷம் முன்னால் தள்ளி வைத்திருக்கிறார். போனையும் விடவில்லை. இந்தப் பக்கம் பாதி வீடுகளில் அப்படித்தான், எங்கள் வீட்டுக் கடிகாரமும் கால் மணி நேரம் வேகம். திருடனைத் தடுக்க ஊர் உலகத்தில் என்னென்னவோ கண்டுபிடித்தவர்கள் இதை யோசித்திருக்க மாட்டார்கள். எனக்குச் சிரிப்பும் படபடப்பும் ஒன்றாக வந்தன. போனில் நேரத்தைத் தானாக வைத்துக்கொள்ளும்படி எங்கே மாற்ற வேண்டும் என்று ஒவ்வொரு படியாகச் சொன்னேன். மாத்திரை நேரத்துக்கு அலாரம் வைத்துக்கொள்ளலாம் என்று அவருடைய கணவர் பின்னாலிருந்து சொல்வது கேட்டது. அக்கா மாற்றினார். புது ஆறு எண் வந்தது. போட்டார்.

எங்கள் முன்னால் இருந்த திரை கண் சிமிட்டுகிற மாதிரி ஒரு தடவை அணைந்து, பூட்டிக்கொண்டது. வாட்ச்மேன் வாசலில் இருந்தே, "அக்கா வந்தாச்சு" என்றார். நான் மேஜையைத் தட்டிவிட்டேன், டீ டம்ளர் உருண்டது.

அக்கா உடனே சான்றிதழைத் திறக்கவில்லை. முதலாளி பக்கத்தில் இருக்கிறாரா என்று கேட்டார். இருக்கிறார் என்றேன். உள்ளே வருகிறவர்களைப் பற்றி ஒரு வரி விழும் என்று சொன்னாயே, எனக்கு விழுந்திருக்கிறதா, அவரைப் பார்க்கச் சொல் என்றார். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது.

நான் ரவுட்டரின் பதிவேட்டை என் லேப்டாப்பில் திறந்து முதலாளியின் பக்கம் திருப்பி வைத்தேன். புதுப் பதிவேட்டில் தப்பான மூன்று முயற்சிகளுக்குக் கீழே, உள்ளே வந்தவர் என்று ஒரே ஒரு வரிதான் இருந்தது. இனி எல்லோருக்கும் பொதுவாக ஒரு பெயர் இல்லை, ஆளுக்கு ஒரு கணக்கு என்று காலையில்தான் பிரித்திருந்தேன். முதலாளி கண்ணாடியை மாட்டிக்கொண்டு, விரலை வரியின் கீழே வைத்து, தேதியை வாசித்தார், நேரத்தை வாசித்தார். அதற்கு அடுத்து இருந்ததற்கு முன்னால் கொஞ்சம் நின்றார். பிறகு அக்காவின் பெயரை, இனிஷியலோடு, சத்தமாக வாசித்தார்.

"ஆமா மொதலாளி, நான்தான்" என்றார் அக்கா.

முதலாளி கண்ணாடியைக் கழற்றி, அது அழுக்காக இல்லாதபோதும், வேட்டி நுனியில் வெகுநேரம் துடைத்துக்கொண்டிருந்தார்.